புல் தரிசு அல்ல

சில ஆண்டுகளுக்கு முன், ஜூன் மாதத் தொடக்கத்தில், உதகைக்கு மேற்கே ஒரு புல்மேட்டில் நடந்த மரக்கன்று நடும் விழாவுக்குப் போயிருந்தேன். ஒரு கல்லூரி ஏற்பாடு செய்த விழா அது. பேனர், ஒலிபெருக்கி, பச்சைத் தொப்பி போட்ட மாணவர்கள் என்று மேடு களைகட்டியிருந்தது. என் கையிலும் ஒரு கன்றைக் கொடுத்தார்கள். குழி முன்னதாகவே வெட்டி வைத்திருந்தது. நடுவதற்குக் குனிந்தபோதுதான் அதை நன்றாகப் பார்த்தேன். ஒன்றரை அடி ஆழம். மேலே ஒரு சாண் கனத்துக்குப் புல்வேர் கோரைப்பாய் போலப் பின்னிக் கிடந்தது. அதற்குக் கீழே அடுப்புக்கரி நிறத்தில் மண். பருவமழை இன்னும் இறங்காத அந்த நாளிலும் குழியின் அடியில் இரண்டு விரற்கடைத் தண்ணீர் ஊறி நின்றது.

பக்கத்தில் ஒரு பெரியவர் நின்றிருந்தார். அந்த மலையிலேயே எருமை மேய்த்து வளர்ந்தவர். குழியை எட்டிப் பார்த்துவிட்டு என்னிடம் கேட்டார்: “தண்ணி நிக்கிற இடமாச்சே தம்பி, இதை எதுக்குத் தோண்டினாங்க?” எனக்குப் பதில் தெரியவில்லை. கேமராவுக்கு முன்னால் கன்றை நட்டுவிட்டு வந்தேன். அன்று நட்டதற்கு இன்றும் வருந்துகிறேன்.

மரம் நடுவது நல்லது. எங்கே நட்டாலும் நல்லது. எவ்வளவு நட்டாலும் நல்லது. பள்ளிப் பாடம் முதல் பட்ஜெட் உரை வரை நாம் இதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறோம். இவற்றில் முதலாவது பெரும்பாலும் உண்மை. இரண்டாவது பொய். மூன்றாவது, நம் மலைகளையும் மேய்ச்சல் நிலங்களையும் நூறு ஆண்டுகளுக்கு மேலாகச் சீரழித்து வந்திருக்கிறது.

நான் மரத்துக்கு எதிரியில்லை. சாலையோரம் புளியமரமும் புங்கமரமும் வேண்டும். ஏரிக்கரையில் பனை வேண்டும். வெட்டி அழித்த காட்டை மீட்க, அந்தக் காட்டுக்கே உரிய மரங்களைத் தேடி நடுகிறவர்களைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன். நான் மறுப்பது ஒன்றைத்தான். மரம் இல்லாத நிலமெல்லாம் மரத்துக்காகக் காத்துக்கிடக்கும் நிலம் என்ற எண்ணம் இருக்கிறதே, அதை.

நீலகிரி, பழனி, ஆனைமலை ஆகியவற்றின் மேல்தளங்களில், ஏறக்குறைய 1,800 மீட்டருக்கு மேல், நிலம் இரண்டாகப் பிரிந்து கிடக்கும். மடிப்புகளிலும் ஓடை இறங்கும் பள்ளங்களிலும் சோலைக்காடு; மேட்டிலும் சரிவிலும் புல். சோலை ஏன் மேட்டுக்கு ஏறி வரவில்லை? டிசம்பர், ஜனவரி விடியற்காலையில் உதகைப் பள்ளத்தாக்குகளில் நடந்து பார்த்தவர்களுக்கு விடை தெரியும். புல்நுனியெல்லாம் உப்புத் தூவியதுபோல் வெளுத்திருக்கும். அந்த உறைபனி சோலை மரத்தின் இளங்கன்றைக் கருக்கிவிடும். புல்லை ஒன்றும் செய்யாது. புல்லின் உயிர் மண்ணுக்குள் இருக்கிறது. தீ வந்தாலும் எருமை மேய்ந்தாலும் பனி கொட்டினாலும் அது திரும்பத் துளிர்க்கும்.

இந்தப் புல்லை நம்பித்தான் வரையாடு வாழ்கிறது. நீலகிரி நெட்டைக்காலி என்ற சிறு பறவை இதற்குள்தான் கூடு வைக்கிறது. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சி இந்தச் சரிவுகளில்தான் நிற்கிறது. தோடர்கள் தங்கள் கோயில்களுக்கு வேயும் புல் இந்த மலைகளின் சதுப்புகளில் விளைவது. இவற்றில் எதற்கும் நிழல் தேவையில்லை. நிழல் விழுந்தால் இவை போய்விடும்.

பிறகு எப்படி இது ‘வெற்று நிலம்’ ஆயிற்று? கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் 1819இல் நீலகிரி ஏறினார். அவருக்குப் பின்னால் வந்தவர்களின் கண்ணில் இது வரி வராத நிலம். வரி வராததை வருவாய்த்துறை தரிசு என்று எழுதியது. நாமும் அந்தச் சொல்லை இன்றுவரை மாற்றாமல் வைத்திருக்கிறோம். 1985இல் தரிசு நில மேம்பாட்டுக்கென்று தேசிய வாரியமே அமைத்தோம். மேய்ச்சல் நிலமும் புல்வெளியும் இன்றும் அரசின் தரிசு நில வரைபடங்களில்தான் இடம்பெறுகின்றன. எருமை மேய்ந்தது கணக்கில் வரவில்லை. ஓடை பிறந்தது கணக்கில் வரவில்லை.

வெள்ளைக்காரனுக்குக் குளிர்காய விறகு வேண்டியிருந்தது. சோலை மரங்கள் மெதுவாக வளர்பவை; வெட்டினால் பல தலைமுறைக்குத் திரும்பாதவை. எனவே 1840களிலிருந்து ஆஸ்திரேலியாவிலிருந்து சீகை எனப்படும் வாட்டிலும், கற்பூர மரம் எனப்படும் யூகலிப்டஸும் வந்தன. அவை பனி விழும் ஊரில் பிறந்தவை. நம் உறைபனி அவற்றை ஒன்றும் செய்யவில்லை. 1864இல் இந்திய வனத்துறைக்கு முதல் தலைமை ஆய்வாளராக ஜெர்மானியரான டீட்ரிக் பிராண்டிஸ் வந்தார். அவர் கொண்டுவந்த வனவியலின் அடிப்படை, ஆண்டுக்கு எவ்வளவு மரம் வளர்கிறதோ அவ்வளவுதான் வெட்ட வேண்டும் என்பது. கண்டபடி வெட்டிக்கொண்டிருந்த காலத்தில் அது பெரிய கட்டுப்பாடு. அதை நான் குறைத்துச் சொல்லமாட்டேன். ஆனால் அந்தக் கணக்கில் காடு என்பது மரக்கட்டை விளையும் வயல். கட்டை விளையாத நிலத்துக்கு அதில் இடமே கிடையாது. இன்றும் ‘நீடித்த வன மேலாண்மை’ என்று பேசும்போது நம் ஆட்கள் பலர் மனதில் வைத்திருப்பது இந்த வயலைத்தான்.

விடுதலைக்குப் பிறகு வேகம் கூடியது. தோல் பதனிடச் சீகைப்பட்டை வேண்டும் என்றார்கள். சிறுமுகையில் விஸ்கோஸ் ஆலை வந்தது. அதற்கு மரக்கூழ் வேண்டும் என்றார்கள். புல்வெளி புல்வெளியாகச் சரிவுகள் தோட்டங்களாக மாறின. 1976இல் தேசிய வேளாண் ஆணையம் ‘உற்பத்தி வனவியல்’ என்று இதற்கு ஒரு கொள்கைப் பெயரும் கொடுத்தது. பிறகு காலம் மாறியது. 1988 தேசிய வனக்கொள்கை, ஆலைகளுக்கு வேண்டிய மரம் காட்டிலிருந்து வரக்கூடாது என்றது; நீண்ட காலம் சோதித்துப் பார்க்காமல் அயல்மரம் எதையும் கொண்டுவரக் கூடாது என்றது. நல்ல வார்த்தைகள்தான். ஆனால் சீகை கொள்கை படிப்பதில்லை. வெட்டுவது நின்றது, பரவுவது நிற்கவில்லை. பழனி மலைகளின் மேல்தளத்தை 1973 முதல் 2014 வரையிலான செயற்கைக்கோள் படங்களை வைத்து ஆராய்ந்தவர்கள், அங்கிருந்த புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு போய்விட்டது என்று கண்டார்கள். பெரும்பகுதியைத் தின்றவை நட்ட மரங்களும் விவசாயமும்.

இவ்வளவு நடந்தபிறகும் மரநடு விழாக்களில் அதே நியாயங்களைக் கேட்கிறேன்.

“மரம் இருந்தால் மழை வரும், தண்ணீர் வரும்.” இதை மறுத்துப் பேசினால் எரிச்சல்படுவார்கள், அவ்வளவு ஆழமாக வேரோடிய நம்பிக்கை. நீலகிரியிலேயே இதை அளந்து பார்த்திருக்கிறார்கள். உதகையில் உள்ள மத்திய மண், நீர்வளப் பாதுகாப்பு ஆராய்ச்சி நிலையம் கிளன்மார்கனில் அருகருகே உள்ள இரண்டு சிறு நீர்ப்பிடிப்புகளை 1968 முதல் கண்காணித்தது. ஒன்றைப் புல்லாகவே விட்டார்கள். மற்றொன்றில் பாதிக்கும் சற்று அதிகமான பரப்பில் 1972இல் கற்பூர மரம் நட்டார்கள். இரண்டிலும் ஓடையில் வரும் தண்ணீரை அளந்தார்கள். முதல் பத்தாண்டுச் சுற்றில், மரம் நட்ட பக்கம் ஆண்டுச் சராசரியாக 16 விழுக்காடு தண்ணீர் குறைந்தது. மரங்களை வெட்டி, கட்டையிலிருந்து மறுதாம்பாகத் துளிர்க்கவிட்ட இரண்டாம் சுற்றில் ஏறக்குறைய 25 விழுக்காடு குறைந்தது. வேர் ஏற்கெனவே ஆழம் போயிருந்ததால் புதுத்துளிர் முதல் நாளிலிருந்தே உறிஞ்சியது. அதைவிட முக்கியம், கோடையில் ஓடையைச் சாகவிடாமல் வைத்திருக்கும் மெல்லிய ஊற்றுநீர்தான் அதிகம் அடிபட்டது.

மழைக்காலத் தண்ணீர் எப்படியும் வரும். ஏப்ரல் மாதத் தண்ணீர்தான் கேள்வி. புல்மேட்டில் காலை அழுத்தி வைத்தால் செருப்பைச் சுற்றித் தண்ணீர் கசியும். அந்தக் கசிவுதான் கீழே பைக்காராவாக, குந்தாவாக, பவானியாகச் சேர்கிறது. 1932 முதல் பைக்காராவில் மின்சாரம் எடுக்கிறோம். பவானிசாகரிலிருந்து வாய்க்கால்களில் நீர் திறந்து ஈரோட்டு மாவட்டத்தில் நெல்லும் மஞ்சளும் விளைவிக்கிறோம். அந்த விவசாயிக்கும் மேலே இருக்கும் புல்லுக்கும் உள்ள உறவை எந்த விழா மேடையிலும் சொல்லி நான் கேட்டதில்லை.

“அந்தப் புல்வெளியே மனிதன் காட்டைக் கொளுத்தியதால் உண்டானதுதானே? நாங்கள் பழைய காட்டைத்தான் மீட்கிறோம்.” படித்தவர்கள் சொல்லும் வாதம் இது. பார்க்கப் பலமானதும்கூட. ஆனால் நீலகிரியின் சதுப்புகளுக்கடியில் கரிமண் அடுக்கடுக்காகத் தேங்கிக் கிடக்கிறது. என் குழியில் பார்த்த அதே கருப்பு. மக்கிய செடிகளின் பதிவேடு அது. சூழலியலாளர் ராமன் சுகுமாரும் அவருடன் பணியாற்றியவர்களும் அதைத் தோண்டியெடுத்து, அதிலுள்ள கரிமத்தின் வகையைப் பிரித்துப் பார்த்தார்கள். 1993இல் அந்த ஆய்வு வெளிவந்தது. ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே புல் இருந்தது. தட்பவெப்பம் மாற மாறப் புல் விரிந்தும் சுருங்கியும் வந்திருக்கிறது. இந்தியாவில் எங்கும் ஏர் பிடிக்காத காலம் அது. மனிதன் பின்னால் வந்து தீ வைத்தான், மேய்த்தான், உண்மை. புல்லை உண்டாக்கியவன் அவன் அல்ல.

“கரிமத்தைப் பிடித்து வைக்க மரம் வேண்டாமா?” இப்போது எல்லோர் வாயிலும் இதுதான். புல் தன் கரிமத்தை மண்ணுக்கடியில் வைக்கிறது. மரம் பெரும்பங்கை மேலே, காற்றிலும் வெயிலிலும் வைக்கிறது. கோடையில் கொடைக்கானல் பக்கம் சீகைக்காடும் கற்பூரக்காடும் பற்றி எரியும்போது அது எங்கே போகிறது என்று நாம் கண்ணால் பார்க்கிறோம். எரிந்த நிலத்தில் அடுத்த மழைக்கு என்ன முளைக்கிறது என்றும் பார்க்க வேண்டும். சீகை விதை மண்ணில் பல பத்தாண்டுகள் உறங்கும். தீயின் சூடு அதை எழுப்பும். ஒருமுறை எரிந்த ஒரு சரிவில் உட்கார்ந்து, என் உள்ளங்கை அளவு இடத்தில் முளைத்திருந்த சீகை நாற்றுகளை எண்ணினேன். பதினேழு இருந்தன. அந்த மலையில் யாரும் இனி மரம் நட வேண்டியதில்லை. நிறுத்துவதற்குத்தான் ஆள் வேண்டும்.

இத்தனைக்கும் மேலே நிற்பது ஒரு எண்: 33 விழுக்காடு. நாட்டில் மூன்றில் ஒரு பங்கு காடாக இருக்க வேண்டும் என்று 1952 வனக்கொள்கை சொன்னது, 1988 கொள்கையும் சொன்னது. 2022இல் தொடங்கிய பசுமைத் தமிழ்நாடு இயக்கத்தின் இலக்கும் அதுவே. எதை எண்ணி இந்தக் கணக்கைப் போடுகிறார்கள் என்று எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? இந்திய வன ஆய்வு நிறுவனத்தின் வரையறைப்படி, ஒரு ஹெக்டேருக்குக் குறையாத இடத்தில் பத்து விழுக்காட்டுக்கு மேல் மரநிழல் இருந்தால் அது ‘வனப்பரப்பு’. நிலம் யாருடையது, மரம் என்ன மரம் என்பது கேள்வியே இல்லை. தென்னந்தோப்பும் காடு, மாந்தோப்பும் காடு. ஆயிரக்கணக்கான ஆண்டுப் புல்வெளி காடு அல்ல. 2023 அறிக்கை நாட்டின் வனப்பரப்பு 7,15,343 சதுர கிலோமீட்டர் என்கிறது. இந்த அளவுகோலில், நீலகிரிப் புல்வெளி முழுவதையும் சீகை மூடிவிட்டால் தமிழ்நாட்டின் வனப்பரப்பு உயரும். வரையாடு ஒன்றுகூட இல்லாமல் போனாலும் அது முன்னேற்றமாகத்தான் அச்சாகும்.

எண்ணுக்கு எண் சரியாக இருந்தால் போதும் என்று நினைக்கத் தொடங்கினால் எங்கே போய் நிற்போம் என்பதற்கு கிரேட் நிக்கோபார் சாட்சி. அந்தத் தீவில் ஏறத்தாழ 130 சதுர கிலோமீட்டர் மழைக்காட்டைத் துறைமுகத்துக்கும் விமான நிலையத்துக்கும் நகரத்துக்கும் ஒதுக்கினார்கள். அதற்கு ஈடாக மரம் நடத் தேர்ந்தெடுத்த மாநிலம் ஹரியானா. கடலுக்கு நடுவே உள்ள மழைக்காட்டுக்கு வறண்ட வடநாட்டு மண்ணில் ஈடு. மரம் மரம்தானே என்று நாம் கைதட்டிப் பழகியதால்தான் இப்படி ஒரு கணக்கைக் கூச்சமில்லாமல் எழுத முடிகிறது. மத்திய அரசின் பசுமைக் கடன் திட்டத்துக்காக 2024இல் வந்த வழிகாட்டுதல் ஹெக்டேருக்குக் குறைந்தது 1,100 மரம் என்றது. எந்த நிலத்தில் என்பதைவிட எத்தனை என்பதுதான் அங்கும் பெரிதாகிவிட்டது.

இது மலையோடு முடிகிற கதையும் இல்லை. கோடியக்கரையில் வெளிமானுக்காக 1967இல் சரணாலயம் அமைத்தோம். வெளிமான் வெட்டவெளியின் பிராணி. தொலைவில் வரும் ஆபத்தைப் பார்த்து ஓடிப் பிழைப்பது. அந்தத் திறந்த புல்தரையில் சீமைக்கருவேலம் ஏறி அடைத்துவிட்டது. அதை வெட்டி வெளியேற்ற இன்று பணம் செலவழிக்கிறோம். அதை நாட்டுக்குள் கொண்டுவந்து பரப்பியதும் விறகுக்கும் பசுமைக்கும் என்று சொல்லித்தான். கடற்கரை மணல்மேடுகளில் சவுக்கு நட்டோம். ஆமை முட்டையிட ஏறிவரும் இடத்திலும் நட்டோம்.

காங்கேயம் பக்கம் போனால் வேறொன்றைப் பார்க்கலாம். அங்கே உழவர்கள் வைத்திருக்கும் கொரங்காடு என்ற மேய்ச்சல் நிலம், வனத்துறை யோசிக்க வேண்டிய வனவியல். சுற்றிலும் கிளுவை வேலி, உள்ளே கொழுக்கட்டைப்புல், இங்கொன்றும் அங்கொன்றுமாக வெள்வேல். எந்தப் பட்டியில் எத்தனை நாள் மாடு மேயலாம், எப்போது பட்டியை மூடிப் புல்லை விதைக்க விட வேண்டும் என்பதெல்லாம் தலைமுறையாகக் கைமாறி வந்த கணக்கு. மழை குறைந்த மேட்டுநிலத்தில் ஒரு மாட்டினத்தையே இந்தப் புல் வளர்த்து வைத்திருக்கிறது. வெள்வேல் எத்தனை நிற்க வேண்டும் என்று அவர்களுக்குத் தெரியும். அதற்கு மேல் நின்றால் புல் செத்துவிடும் என்றும் தெரியும். அங்கே போய் ஏக்கருக்கு நானூறு கன்று நடுங்கள் என்று சொல்ல யாருக்கும் தகுதியில்லை.

சீகையை வெட்டுவது என்றால் இன்னொரு குரல் எழும்: “மரத்தை வெட்டுவது பாவம்.” சொல்பவர்களின் மனம் எனக்குப் புரிகிறது. கூடலூர்க் காடுகள் வெட்டப்படுவதைத் தடுக்கப் போன கோதவர்மன் திருமுல்பாடு வழக்கில்தான் 1996 டிசம்பரில் உச்சநீதிமன்றம் நாடு முழுவதும் காட்டில் கோடாரியை நிறுத்தியது. அந்தத் தீர்ப்பு பல காடுகளைக் காப்பாற்றியது. அதற்கு நான் நன்றியுள்ளவன். ஆனால் எல்லா மரத்தையும் ஒரே தராசில் வைக்கும் பழக்கத்தையும் அந்தக் காலம் நமக்குள் விதைத்துவிட்டது. களை எடுப்பதை எந்த உழவனும் பாவம் என்று நினைப்பதில்லை.

என் பக்கம் நிற்கும் நண்பர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். ஒரே ஆண்டில் புல்டோசர் விட்டு எல்லாச் சீகையையும் பிடுங்கிவிடலாம் என்று நினைப்பதும் அதே அவசரம்தான். வெட்டிய கட்டையும் வேரும் துளிர்க்கும். கிளறிய மண்ணில் விதை கோடிக்கணக்கில் எழும். சரிவில் மண் கழுவிக்கொண்டு போகும். பழனி மலையில் வட்டக்கானலில் பல ஆண்டுகள் சோலைக்காக உழைத்த பாப் ஸ்டூவர்ட்டும் தான்யா பால்காரும் வேறொன்றையும் கண்டு சொன்னார்கள். சில இடங்களில், பழைய சீகைத் தோட்டத்தின் நிழலில் சோலை மரங்கள் தாமாகவே முளைத்து வருகின்றன. அங்கே சீகை பனியைத் தடுத்துத் தாதியாக நிற்கிறது. அதை அப்போதே வெட்டினால் சோலையும் போகும். ஆகவே எங்கே வெட்டுவது, எங்கே விட்டுவைப்பது, புல்லுக்குள் புதிதாக நுழையும் நாற்றை முதலில் எங்கே கையால் பிடுங்குவது என்று சரிவு சரிவாக நடந்து பார்த்துத்தான் முடிவெடுக்க வேண்டும். இன்னும் நல்ல நிலையில் இருக்கும் புல்வெளியின் ஓரத்திலிருந்து தொடங்குவதே புத்தி. முழுக்க மூடிப்போன இடத்தை மீட்பது பெரும்பாடு.

இதற்குப் பத்து, இருபது ஆண்டு விடாமல் வேலை செய்யும் ஆட்கள் வேண்டும். விழாவுக்கு ஒரு நாள் போதும். நாற்றுப் பிடுங்க ஆண்டுதோறும் வர வேண்டும். ஆண்டுதோறும் சம்பளம் வேண்டும். மலையில் வாழும் தோடர், கோத்தர், குறும்பர், படுகர் பிள்ளைகளுக்கு அந்த வேலையைக் கொடுங்கள். எருமை மேய்ச்சலை வனத்துறை குற்றமாகப் பார்ப்பதை நிறுத்த வேண்டும். 2006இன் வன உரிமைச் சட்டம் மேய்ச்சலை உரிமையாகவே ஏற்றிருக்கிறது. அந்தப் புல் எருமையோடு சேர்ந்து வாழ்ந்த புல்.

அரசுக்கு இது தெரியாது என்றும் நான் சொல்லவில்லை. அயல்தாவரங்களை அகற்றிச் சூழலை மீட்பதற்கென்றே 2022இல் தமிழ்நாடு ஒரு கொள்கையை வெளியிட்டது. வரையாட்டுத் திட்டத்தில் புல்வெளி மீட்பும் ஒரு வேலை. 2024 கணக்கெடுப்பில் மாநிலத்தில் 1,031 வரையாடுகள்தான் இருந்தன. இப்படி ஒரு கை சீகையைப் பிடுங்கும்போது மறு கை 33 விழுக்காட்டுக்காகக் கன்று தேடுகிறது. இந்த இலக்கில் புல்வெளிக்கென்று தனிக் கணக்கு வேண்டும். வருவாய்ப் பதிவேட்டில் அதைத் தரிசு என்று எழுதுவதை நிறுத்த வேண்டும். இவை இரண்டுக்கும் பெரும் பணம் வேண்டாம். ஒரு அரசாணை போதும்.

குறிஞ்சி கடைசியாகப் பரவலாகப் பூத்தது 2018இல். அடுத்தது 2030. அன்று பூக்க வேண்டிய செடிகள் இப்போதே நீலகிரியிலும் பழனி மலையிலும் புல்லுக்கு நடுவே வளர்ந்துகொண்டிருக்கின்றன. பார்த்தால் ஒன்றுமில்லாத வெறும் புதர்போலத்தான் இருக்கும். அந்தச் சரிவுக்கு யாராவது உங்களைக் கன்று நடக் கூப்பிட்டால், தயவுசெய்து போகாதீர்கள்.